பெருக்கும் முன் குறியைக் கேள்!

(இரண்டாம் ஆண்டு, பி.எஸ்ஸி. கணிதம்)

கணக்கு என்றதும் காத தூரம் ஓடுவோர் பலர். ஓடாமல் நின்று, அடி வாங்கி, பிறகு அதையே நேசிக்கத் தொடங்குவோர் சிலர். அந்தச் சிலரோடு நான் சேர்ந்தது எப்படி என்பதையும், சேர முடியாமல் போனவர்கள் ஏன் போனார்கள் என்பதையும் சொல்லவே இக்கட்டுரையை எழுதுகிறேன். கணிதம் படிக்காத நண்பர்கள் இப்பக்கத்தைப் புரட்டிவிட வேண்டா. இதில் வரும் கணக்கு பள்ளிக்கூடத்துக் கூட்டல், கழித்தல், வகுத்தலைத் தாண்டி அதிக தூரம் போகாது. இதில் வரும் வழக்கோ நம் எல்லோருக்கும் பொதுவானது.

நான்கு சொல் தீர்ப்பு

முதலாண்டின் முதல் அகமதிப்பீட்டுத் தேர்வு. ஐந்து மதிப்பெண் வினா ஒன்று. தெரியாத எண்ணை, அது மாறி என்பதால், 'ம' என்றே இங்கு எழுதுகிறேன். வினா இதுதான்:

(ம + 3) / (ம − 2) ≥ 2 என்னும் அசமன்பாட்டின் தீர்வைக் கண்டு எண்கோட்டில் குறிக்க.

பார்த்தவுடன் எனக்கு மகிழ்ச்சி. பகுதியில் இருந்த ம − 2 என்பதைத் தூக்கி அந்தப் பக்கம் பெருக்கினேன். ம + 3 ≥ 2ம − 4 என்று வந்தது. சுருக்கினேன், ம ≤ 7. கோடு கிழித்தேன். 7-இல் ஒரு புள்ளி வைத்து, அதற்கு இடப்புறம் முழுவதையும் பென்சிலால் கறுப்பாக்கினேன். நான்கே வரிகள்! ஐந்து மதிப்பெண்ணும் கைக்குள் வந்துவிட்டதாக எண்ணி அடுத்த வினாவுக்குப் போனேன்.

விடைத்தாள் வந்தது. அந்தக் கணக்குக்கு நேரே ஒரு பெரிய சுழி. அதன் அருகில் சிவப்பு மையில் நான்கே சொற்கள்: "ம-க்குச் சுழி போட்டுப் பார்."

மாலைப் பேருந்தில் கம்பியைப் பிடித்து நின்றபடியே மனத்துக்குள் போட்டுப் பார்த்தேன். மேலே 3, கீழே −2. வகுத்தால் −1.5. அது 2-ஐவிடப் பெரியதா? இல்லை. ஆனால் என் விடையின்படி 7-க்கு இடப்புறம் இருக்கும் சுழியும் ஒரு தீர்வாயிற்றே! பதறிப்போய் 1 போட்டேன், −4 வந்தது. −100 போட்டேன், ஒன்றைக்கூட எட்டவில்லை. நான் கறுப்பாக்கிய கோட்டில் 2-க்கு இடப்புறம் இருந்த கணக்கற்ற எண்களில் ஒன்றுகூடத் தீர்வு இல்லை. அவ்வளவு நம்பிக்கையோடு, அவ்வளவு அழகாக, அவ்வளவு தவறாக நான் எதையும் எழுதியதில்லை!

இந்தத் தவறைச் செய்தவர் நான் மட்டும் அல்லர் என்று மறுநாள் தெரிந்தது. வகுப்பில் பாதிக்கு மேற்பட்டோர் அதே நான்கு வரிகளை எழுதியிருந்தோம். என் பக்கத்தில் உட்கார்ந்திருந்த நண்பர் தம் தாளை மடித்துப் புத்தகத்துக்குள் வைத்துக்கொண்டு, "நமக்கெல்லாம் கணக்கு வராது; வீட்ல போய்க் கேட்கவும் ஆள் இல்ல" என்றார். அந்தப் பருவம் முடிந்தபின் அவர் கல்லூரிக்கு வரவில்லை. இன்று ஒரு துணிக்கடையில் வேலை பார்க்கிறார். உழைத்து உண்பதில் இழிவு ஏதும் இல்லை. ஆனால் அவரை வெளியே அனுப்பியது வேலை அன்று. 'வராது' என்ற முடிவு. அந்த முடிவு தவறு என்பதே என் கட்சி. அவருக்கு வராமல் போனது கணக்கு அன்று. வந்து சேராமல் போனது ஒரே ஒரு வாக்கியம். 'பகுதியின் குறி தெரியாமல் பெருக்காதே' என்ற அந்த வாக்கியத்தை எங்களில் எவருக்கும் எவரும் உரிய காலத்தில் சொல்லவில்லை.

பாய்க் கணக்கு தந்த பழக்கம்

நான் அந்தத் தவறைச் செய்ததற்குக் காரணம் சோம்பல் அன்று, பழக்கம். எங்கள் ஊர் காவிரிக் கரையில் உள்ளது. கோரைப்பாய் நெய்வது ஊர்த் தொழில். அப்பா நான்காம் வகுப்போடு நின்றவர். பாய்களை வாங்கிச் சிறு வண்டியில் ஏற்றிச் சந்தைகளுக்குக் கொண்டுபோய் விற்கிறார். எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். ஆறாம் வகுப்பிலிருந்தே அப்பாவின் கணக்கு நோட்டு என் பொறுப்பு. ஐந்து பாய் 550 ரூபாய் என்றால் எட்டுப் பாய் எவ்வளவு? குறுக்கே பெருக்கு, வகு, 880! அந்தக் குறுக்குப் பெருக்கல் என்னை ஒரு நாளும் ஏமாற்றியதில்லை.

ஏமாற்றவும் செய்யாது. பாயின் எண்ணிக்கை ஒரு நாளும் குறை எண் ஆவதில்லை. பள்ளியில் செய்த விகிதக் கணக்குகளும் அப்படியே: இத்தனை ஆட்கள், இத்தனை நாட்கள், இத்தனை கிலோ, இத்தனை ரூபாய். யாவும் மிகை எண்கள். அன்றியும் அவை சமன்பாடுகள். நடுவில் நிற்பது சமக்குறி. அது எந்தப் பக்கம் திருப்பினாலும் சமக்குறிதான்! 'பகுதியால் இருபுறமும் பெருக்கலாம்' என்ற விதியை எங்களுக்குச் சொன்னார்கள். எங்கே பெருக்கலாம், எங்கே கூடாது என்ற நிபந்தனையைச் சொல்லவில்லை. ஒரு வயலில் பயிராக வளர்ந்த பழக்கம் அடுத்த வயலில் களையாகிவிட்டது.

தவறு எங்கே?

3 < 5 என்பதை யாரும் மறுக்கார். இருபுறமும் 2-ஆல் பெருக்கினால் 6 < 10, உறவு மாறவில்லை. இனி −2-ஆல் பெருக்கிப் பாருங்கள். −6 என்றும் −10 என்றும் ஆகின்றன. இவற்றில் எது பெரியது? மளிகைக் கடையில் ஆறு ரூபாய் கடன்பட்டவரும் பத்து ரூபாய் கடன்பட்டவரும் நின்றால் யார் நிலை மேல்? ஆறு ரூபாய்க் கடன்காரர் நிலைதானே! ஆகவே −6 > −10. கையிருப்பில் சிறியது கடனில் மேலாகிறது, குறி திரும்பிக்கொள்கிறது. இந்தக் கடன் உவமை என் சொந்தச் சரக்கு அன்று. கி.பி. 628-இல் 'பிரம்மஸ்புட சித்தாந்தம்' இயற்றிய பிரம்மகுப்தர், மிகை எண்ணைச் செல்வம் என்றும் குறை எண்ணைக் கடன் என்றும் சொல்லித்தான் அவற்றின் கூட்டலுக்கும் பெருக்கலுக்கும் விதி வகுத்தார்.

இப்போது என் கணக்குக்கு வருவோம். ம − 2 ஆல் இருபுறமும் பெருக்கினேன் அல்லவா? ம − 2 மிகையா, குறையா? ம என்னவென்றே தெரியாதபோது அது எப்படித் தெரியும்? ம என்பது 2-ஐவிடப் பெரியதானால் அது மிகை; என் பெருக்கல் சரி. சிறியதானால் அது குறை. ≥ என்னும் குறியை ≤ என்று நான் திருப்பியிருக்க வேண்டும். 2-க்குச் சமமானால் அது சுழி. அப்போது வினாவுக்கே பொருள் இல்லை. பாதை மூன்றாகப் பிரியும் இடத்தில் நான் கண்ணை மூடிக்கொண்டு ஒரே பாதையில் நடந்திருக்கிறேன். தடுக்கி விழுந்ததில் வியப்பென்ன?

கோடு பேசுகிறது

இந்தக் குறிகளுக்கும் எண்கோட்டுக்கும் வரலாறு உண்டு. <, > என்னும் இரு குறிகளும் இங்கிலாந்தின் தாமஸ் ஹாரியட் எழுதிய இயற்கணித நூலில் முதன்முதல் அச்சேறின. ஹாரியட் 1621-இல் மறைந்தார். நூல் வந்தது 1631-இல். குறை எண்ணை ஏற்கப் பலர் தயங்கிய காலம் அது. 'ஒன்றுமில்லை என்பதைவிடக் குறைவானது எப்படி இருக்கும்?' என்று கேட்டனர். 1685-இல் வந்த தம் இயற்கணித நூலில் ஜான் வாலிஸ் ஒரு கோட்டைக் காட்டி விடை சொன்னார். ஒருவன் ஐந்து கெசம் முன்னே நடக்கிறான். எட்டு கெசம் பின்னே வருகிறான். இப்போது புறப்பட்ட இடத்திலிருந்து எவ்வளவு முன்னேறியிருக்கிறான்? −3 கெசம்! குறை எண் கற்பனைப் பேய் அன்று, புறப்பட்ட இடத்துக்குப் பின்னால் உள்ள இடம் என்று கோடு சொல்லிவிட்டது.

அதே கோடுதான் என் கணக்குக்கும் கைகொடுத்தது. எங்கள் பேராசிரியர் காட்டிய முறையை என் சொற்களில் தருகிறேன்.

முதலில், பெருக்காமல் கழிக்க வேண்டும். எந்த எண்ணை இருபுறமும் கழித்தாலும் உறவு மாறாது. கழித்தலுக்குக் குறி பற்றிய அச்சமே இல்லை. (ம + 3) / (ம − 2) − 2 ≥ 0 என்று எழுதிப் பொதுப் பகுதி எடுத்துச் சுருக்கினால், (7 − ம) / (ம − 2) ≥ 0 ஆகிறது. '2-ஐவிட எப்போது பெரியது?' என்ற கேள்வி, 'எப்போது குறை ஆகாமல் இருக்கும்?' என்ற எளிய கேள்வியாகிவிட்டது. மதிப்பு வேண்டா, குறி தெரிந்தால் போதும்.

அடுத்து, எல்லைக்கல் நட வேண்டும். தொகுதி சுழியாகும் இடம் 7. பகுதி சுழியாகும் இடம் 2. எண்கோட்டில் இவ்விரு கற்களையும் நட்டால் கோடு மூன்று துண்டுகளாகிறது: 2-க்கு இடப்புறம், 2-க்கும் 7-க்கும் நடுவே, 7-க்கு வலப்புறம். ஒவ்வொரு துண்டிலிருந்தும் ஓர் எண்ணை அழைத்து விசாரிக்க வேண்டும். இடத்துண்டில் 0: மேலே 7, கீழே −2, குறை. நடுத்துண்டில் 3: மேலே 4, கீழே 1, மிகை. வலத்துண்டில் 8: மேலே −1, கீழே 6, குறை. ஆக, நடுத்துண்டே தீர்வு.

ஒரு துண்டில் எண்ணற்ற எண்கள் இருக்க, ஒன்றே ஒன்றை விசாரித்துத் தீர்ப்புச் சொல்வது நீதியா? எனக்கும் இந்த ஐயம் இருந்தது. இவ்வாண்டு தொடர்ச்சியான சார்புகளைப் பற்றிப் படித்தபோதுதான் அது தீர்ந்தது. அறுபடாமல் செல்லும் ஒரு சார்பு மிகையிலிருந்து குறைக்குப் போக வேண்டுமானால் வழியில் சுழியைத் தொட்டே ஆகவேண்டும். ஆற்றில் இறங்காமல் அக்கரை சேர முடியாது. பிராக் நகரத்துப் பெர்னார்ட் போல்சானோ 1817-இல் இதற்கு நிறுவல் தந்தார். நம் பின்னம் சுழியைத் தொடுவது தொகுதி சுழியாகும் 7-இல் மட்டும். அறுபடுவது பகுதி சுழியாகும் 2-இல் மட்டும். இரு கற்களுக்கு நடுவே குறி மாற வழியே இல்லை. எனவே ஒருவரை விசாரித்தால் ஊரையே விசாரித்ததாகும். பள்ளி நாளில் 'இப்படிச் செய்' என்று மட்டும் கேட்டிருந்த எனக்கு, 'இதனால் செய்' என்று கேட்ட அந்த நாள் திருநாள்!

சுழியால் வகுத்தால்?

எஞ்சியிருப்பவை எல்லைக்கற்கள். 7-ஐச் சேர்க்கலாமா? 7 போட்டால் 10 / 5 = 2. 'பெரியது அல்லது சமம்' என்று வினாவில் இருப்பதால் 7 உள்ளே வருகிறது. அங்கே நிறைந்த புள்ளி. 2-ஐச் சேர்க்கலாமா? 2 போட்டால் 5-ஐச் சுழியால் வகுக்க வேண்டும். அது கூடாது. ஆகவே 2-இல் வெற்று வட்டம். தீர்வு 2 < ம ≤ 7.

சுழியால் ஏன் வகுக்கக் கூடாது? பிரம்மகுப்தரே சுழியைச் சுழியால் வகுத்தால் சுழி என்று எழுதிவிட்டார். இன்றைய கணிதம் அதை ஏற்பதில்லை. அவ்வளவு பெரியவரையே தடுமாற வைத்த இடம் அது. எனக்கோ அதை விளக்கியவர் என் அப்பா!

ஒரு ஞாயிறன்று நோட்டில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தேன். வண்டி வாடகை 600 ரூபாய். ஒரு பாயின் கொள்முதல் 110 ரூபாய். ஏற்றும் பாய்களின் எண்ணிக்கை ம என்றால், வாடகையும் சேர்த்து ஒரு பாய்க்கு விழும் அடக்கம் (600 + 110ம) / ம. விளையாட்டாக, "அப்பா, ஒரு பாய்கூட ஏத்தாம வண்டி மட்டும் சந்தைக்குப் போனா ஒரு பாய்க்கு அடக்கம் எவ்வளவு?" என்று கேட்டேன். அவர் பீடியை அணைத்துவிட்டுச் சொன்னார்: "ஏன் கண்ணு, பாயே இல்லாதப்ப ஒரு பாய்க்கு எவ்வளவுன்னு எப்படிக் கேப்ப? வாடகை அறுநூறு அப்படியே நிக்குது. அதைச் சுமக்க ஒரு பாயும் இல்லையே!"

கேள்வியே நிற்காத இடத்தில் விடை தேடக் கூடாது. வெற்று வட்டத்தின் பொருள் இதைவிட வேறென்ன? நான்காம் வகுப்பில் நின்ற ஒருவர் வாயில் வந்த இந்த விளக்கத்தை நான் கேட்காமலே பன்னிரண்டு ஆண்டுகள் கணக்குப் படித்திருக்கிறேன். 'வீட்டில் கேட்க ஆள் இல்லை' என்று நாம் சொல்வது எல்லா நேரமும் உண்மை அன்று. கேட்கும் முறையில் கேட்டால் நம் வீடுகளிலும் கணக்கு இருக்கிறது.

வாழ்க்கை வெட்டும் கோடு

அந்தப் பாய்க் கணக்கையே முழுதும் போட்டுப் பார்ப்போம். அடக்கம் 140 ரூபாயைத் தாண்டக் கூடாது என்பது அப்பாவின் விதி. (600 + 110ம) / ம ≤ 140. எல்லாவற்றையும் ஒரு பக்கம் கொண்டுவந்தால் (600 − 30ம) / ம ≤ 0. எல்லைக்கற்கள் 0, 20. விசாரித்தால் ம < 0 என்ற துண்டும் ம ≥ 20 என்ற துண்டும் தீர்வாகின்றன. கணிதம் இரண்டையும் தருகிறது. ஆனால் −5 பாய்களை எந்த வண்டியில் ஏற்றுவது? இடப்புறத் துண்டை வாழ்க்கை வெட்டிவிடுகிறது. வலப்புறமும் முழுக்கோடு வேண்டா. பாதிப் பாயை யாரும் வாங்கார். 20, 21, 22 என்று தனித்தனிப் புள்ளிகள் வைத்தால் போதும். அதுவும் முடிவிலி வரை போகாது; வண்டியில் 60 பாய்க்குமேல் ஏறாது. ஆக, 20 முதல் 60 வரை நாற்பத்தொரு புள்ளிகள்.

இங்கே குறுக்கே பெருக்கியிருந்தாலும் 600 ≤ 30ம, அதாவது ம ≥ 20 என்ற சரியான விடையே வந்திருக்கும். ஏன்? பாயின் எண்ணிக்கை மிகை எண் என்று நமக்கு முன்பே தெரியும். என் பழக்கம் பொய் அன்று, நிபந்தனையுள்ள உண்மை. நிபந்தனையை மறைத்து உண்மையைச் சொல்வதும் ஒருவகைப் பொய்தான் என்பேன்.

குறுக்குப் பெருக்கலை விட மனமில்லாதவர்களுக்கும் ஒரு வழி உண்டு. பகுதியால் பெருக்காமல் பகுதியின் வர்க்கத்தால் பெருக்கலாம். சுழி அல்லாத எந்த மெய்யெண்ணின் வர்க்கமும் மிகையே, குறி திரும்பாது. என் தேர்வுக் கணக்கை அவ்வாறு செய்தால் (ம − 2)(7 − ம) ≥ 0 என்று வரும். அதில் 2-ம் தீர்வுபோல நுழையப் பார்க்கும். மூல வினாவை நினைவில் வைத்து அதை வெளியே நிறுத்த வேண்டும். அதுபோலவே, மேலும் கீழும் ஒரே காரணி இருந்தால் அடித்துவிட்டு மறந்துவிடக் கூடாது. (ம − 2)(ம + 1) / (ம − 2) > 0 என்பதில் ம − 2 ஐ அடித்துவிட்டால் ம > −1 என்று தெரியும். ஆனால் கறுத்த கோட்டின் நடுவே 2-இல் ஒரு வெற்று வட்டம் இருந்தே தீரவேண்டும். அடித்துவிட்டதால் அது இல்லாமல் போய்விடுவதில்லை.

என் வழக்கு

இவ்வளவையும் எழுதியது பாடம் நடத்த அன்று. ஒரு வழக்கை முன்வைக்க. நம் வகுப்பறைகளில் விதிகள் தாராளமாகக் கிடைக்கின்றன, நிபந்தனைகள் கிடைப்பதில்லை. வீட்டில் படித்தவர் உள்ள மாணவர் அந்த நிபந்தனையைச் சாப்பாட்டு நேரத்தில் கேட்டுத் தெரிந்துகொள்கிறார். என்னைப் போன்றவர்க்கு வகுப்பறை ஒன்றே கதி. அங்கே சொல்லாதது எங்களுக்கு எங்கும் சொல்லப்படாதது. பிறகு தேர்வில் சுழி விழுந்தால், 'இவர்களுக்கு வராது' என்று பிறர் சொல்வதற்கு முன்பே நாங்களே சொல்லிக்கொள்கிறோம்.

மறுப்பு வரும் என்று அறிவேன். 'பாடத்திட்டத்தை முடிக்கவே நாட்கள் போதவில்லை. ஒவ்வொன்றுக்கும் ஏன் என்று நின்றால் எப்படி?' என்பர். நியாயமான கேள்வி. ஆனால் என் விடைத்தாளில் எழுதப்பட்டவை நான்கே சொற்கள். அதற்குப் பாடவேளை எதுவும் செலவாகவில்லை. 'கைப்பேசியில் வினாவைப் படம் பிடித்தால் விடை வந்துவிடுகிறதே' என்பர் வேறு சிலர். வருகிறது; கோடும் வருகிறது, வட்டமும் வருகிறது. அந்த வட்டம் ஏன் வெறுமையாக இருக்கிறது என்று அறியாதவருக்கு விடை கிடைத்தும் என்ன? இலையில் பரிமாறப்பட்ட சோற்றைப் படம் பிடித்தால் பசி ஆறுமா?

ஆகவே என் சிற்றறிவுக்கு எட்டிய சில வழிகளைச் சொல்கிறேன். அகமதிப்பீட்டுத் தேர்வில் ஐந்து மதிப்பெண்ணில் ஒன்றை, விடையை ஓர் எண் போட்டுச் சோதித்துக் காட்டுவதற்கென்றே ஒதுக்கலாம். அந்த ஒரு மதிப்பெண்ணுக்காகச் சோதிக்கத் தொடங்குபவர் மற்ற நான்கையும் காப்பாற்றிக்கொள்வார். புதுப்பாடம் தொடங்கும்போது சரியான கணக்கோடு ஒரு தவறான கணக்கையும் கரும்பலகையில் எழுதி, 'எங்கே தவறு?' என்று எங்களையே கேட்கலாம். தமிழ்ச் சொல்லையும் ஆங்கிலச் சொல்லையும் அருகருகே சொல்லலாம். பன்னிரண்டாம் வகுப்புவரை தமிழில் படித்துவிட்டு வந்த எனக்கு, நியூமரேட்டர், டினாமினேட்டர் என்று கேட்டபோது யாரோ புதியவர்கள் வந்துவிட்டார்கள் என்று அச்சம். நம் பழைய தொகுதியும் பகுதியும்தான் சட்டை மாற்றிக்கொண்டு வந்திருக்கின்றன என்று தெரியவே ஒரு மாதம் ஆயிற்று!

ஆசிரியர்களை மட்டும் குறை சொல்லி நாம் தப்பிக்க இயலாது. இரண்டாம் ஆண்டு மாணவர் முதலாண்டு மாணவருக்கு வாரத்தில் ஒரு மாலை மரத்தடியில் உட்கார்ந்து சொல்லித்தர எந்த ஆணையும் வேண்டுவதில்லை. கேட்கக் கூசும் கேள்வியை ஆசிரியரிடம் கேளாதவர் அண்ணனிடமும் அக்காவிடமும் கேட்பார். இப்பருவத்தில் நாங்கள் நால்வர் அதைத் தொடங்கியிருக்கிறோம். முதல் மாலை வந்தவர் மூவர். சென்ற வாரம் பதினொருவர்.

ஆண்டுதோறும் டிசம்பர் 22-இல் கணித மேதை இராமானுஜனின் படத்துக்கு மாலை சூட்டுகிறோம். அவர் 1904-இல் உதவித்தொகையோடு சேர்ந்ததும், பிற பாடங்களில் தேறாமல் அந்த உதவித்தொகையை இழந்ததும் கும்பகோணம் அரசுக் கல்லூரியில்தான். ஒரு தேர்வின் முடிவை ஓர் ஆளின் முடிவாகக் கொள்ளக் கூடாது என்பதற்கு இதைவிட அருகில் சான்று வேண்டுமோ? நம்மில் எவரும் இராமானுஜன் ஆக வேண்டுவதில்லை. இருக்கையை விட்டு எழுந்து போகாமல் இருந்தால் போதும்.

தனிப்புள்ளி

முடிக்குமுன் ஒரு கணக்கு. (ம − 1)² / (ம − 4) ≥ 0. அவசரக்காரர் ம > 4 என்று எழுதி வலப்புறத்தைக் கறுப்பாக்கிவிட்டுப் போய்விடுவார். ஆனால் 1 போட்டுப் பாருங்கள். தொகுதி சுழி, பகுதி −3, மதிப்பு சுழி. 'பெரியது அல்லது சமம்' என்பதால் 1-ம் தீர்வே! அதன் இடப்புறத்தில் தீர்வு இல்லை. வலப்புறத்தில் 4 வரை தீர்வு இல்லை. நடுவே தனியாக ஒரு நிறைந்த புள்ளி. அதை விட்டுவிட்டு எழுதிய விடை முழு விடை ஆகாது.

எங்கள் தெருவிலிருந்து கல்லூரிக்கு வந்த என்னைப் போன்றோர் அத்தகைய புள்ளிகள். பக்கத்தில் துணை இல்லை என்பதற்காக நாம் கோட்டில் இல்லாதவர் ஆகிவிட மாட்டோம். நின்று நிதானித்துச் சோதிப்பவர் கண்ணுக்கே அந்தப் புள்ளி தெரியும். அப்படிச் சோதிக்கும் ஆசிரியரும் அப்படிச் சோதிக்கும் மாணவரும் பெருக வேண்டும்.

சென்ற மாதம் அந்தத் துணிக்கடைக்குப் போயிருந்தேன். கூட்டம் குறைந்த நேரம். பழைய ரசீது ஒன்றின் பின்புறத்தில் அந்தத் தேர்வுக் கணக்கை எழுதி, எங்கள் நான்கு வரிகளையும் எழுதி, "சுழி போட்டுப் பாருங்க" என்றேன். நண்பர் காதிலிருந்த பேனாவை எடுத்துப் போட்டார். சற்று நேரம் தாளையே பார்த்தார். கோட்டை அவரே கிழித்தார். 2-இல் வட்டம் போட்டார், 7-இல் புள்ளி வைத்தார். பிறகு என்னை நிமிர்ந்து பார்த்து, "இவ்வளவுதானா?" என்றார்.

அந்த ஒரு சொல்லுக்கு என்னிடம் விடை இல்லை. நம் கல்லூரியில் இனிச் சேரும் ஒருவரும் அந்தச் சொல்லை ஒரு கடையின் கல்லா அருகே நின்று சொல்லும்படி விடக் கூடாது. வகுப்பறையிலேயே, உரிய காலத்திலேயே, சிரித்துக்கொண்டே சொல்லட்டும். அதற்கு நாம் செய்ய வேண்டியது பெரிதன்று. ஒரு விதியைக் கையில் எடுக்குமுன் அதன் நிபந்தனையைக் கேட்போம். ஒரு விடையை எழுதியபின் அதைச் சோதிப்போம். ஓர் ஆளை 'வராது' என்று தள்ளுமுன், அவருக்குச் சொல்ல வேண்டியதைச் சொன்னோமா என்று நம்மையே கேட்போம்.

பெருக்கும் முன் குறியைக் கேட்போம், நண்பர்களே!